வெரோனிகாவின் முகம்

தத்யானா சமோய்லோவாவைப் பற்றி ஆரம்பிக்கிற பேச்சு ஐந்து நிமிஷத்தில் உருசெவ்ஸ்கியின் காமெராவைப் பற்றியதாகிவிடும். நானும் அப்படிப் பேசியவன்தான். கலாதோசோவின் 'நாரைகள் பறக்கின்றன' (1957) படத்தில் காமெராவே நடித்துவிடுகிறது, நடிகைக்கு வேலையில்லை என்று நண்பர்களிடம் அடித்துச் சொல்லியிருக்கிறேன். மறுபடி பார்த்தபின் அது அபத்தம் என்று படுகிறது.

போருக்குப் புறப்படும் கூட்டத்தில் போரிஸைத் தேடி வெரோனிகா அல்லாடும் காட்சியில் காமெராவின் சாதனையை மறுக்கவில்லை. எனக்கு அதைவிட முக்கியம் சைபீரிய ஆஸ்பத்திரிக் காட்சி. காதலி வேறொருவனை மணந்துகொண்டாள் என்று தெரிந்து, காயம்பட்ட சிப்பாய் ஒருவன் வெறிபிடித்துக் கத்துகிறான். அவனைத் தேற்ற வந்த டாக்டர், காத்திருக்காத பெண்களை வார்டே கேட்கத் தூற்றுகிறார். அவர் போரிஸின் தகப்பனார். அங்கே வேலை செய்யும் வெரோனிகா, போரிஸுக்காகக் காத்திராமல் அவனுடைய ஒன்றுவிட்ட சகோதரனை மணந்தவள். அவளும் கேட்டுக்கொண்டு நிற்கிறாள்.

காத்திருப்பதே பெண்ணின் யுத்த தர்மம் என்பதைச் சீமனவின் 1941ஆம் வருஷத்துக் கவிதை ஒன்று தேசம் முழுக்கப் பதித்துவிட்டிருந்த நாடு அது. காத்திராதவளை நடுவில் வைத்துப் படமெடுத்ததே பெரிய காரியம். இன்னொரு நடிகையானால் அந்த இடத்தில் அழுது நம்மிடம் மன்னிப்பு வாங்கிக்கொண்டிருப்பார். சமோய்லோவா அதைக் கேட்பதேயில்லை. முகம் இறுகுகிறது, வெளியே ஓடுகிறாள். குற்றத்தை மறைக்கவும் இல்லை, விளக்கவும் இல்லை. இதைக் காமெரா செய்ய முடியாது.

ஓட்டம் ரயில் பாதைவரை போகிறது. சாவின் விளிம்பில் ஒரு குழந்தையைக் காப்பாற்றப்போய்த் தானும் பிழைக்கிறாள். பத்து வருஷம் கழித்து, ஸார்கியின் 'அன்னா கரீனினா'வில் (1967), அதே நடிகைக்கு அந்தப் பிழைப்பு இல்லை. படம் ஜோடனை மிகுந்தது; அன்னா மட்டும் உயிரோடிருக்கிறாள். விரோன்ஸ்கியாக நடித்தவர் அவருடைய முன்னாள் கணவர் என்பதெல்லாம் வம்பு, நமக்கு வேண்டாம்.

1958இல் கான் விழாவில் தங்கப்பனை வாங்கிய படத்தின் நாயகிக்கு அடுத்துக் கிடைத்தவை சொற்பம். 'அனுப்பப்படாத கடித'த்தில் (1960) காடும் நெருப்பும் அவரை ஓரங்கட்டுகின்றன. எழுபதுகளின் நடுவுக்குப்பின் வெகுகாலம் அவரைத் திரையில் பார்ப்பதே அரிது. 2014 மே 4, தம் எண்பதாவது பிறந்தநாளன்று, இறந்தார்.

ஒரு படம் போதுமே என்கிறார்கள் நண்பர்கள். கொஞ்சமாக எழுதியவனைக் கொண்டாடுவதில் நமக்கு ஒரு மயக்கம் உண்டு. அந்தப் பழக்கத்தில் சொல்வது. கவுண்டருக்குப் பின்னால் உட்கார்ந்து வருஷங்களை எண்ணுகிற எனக்கு அது சௌகரியமான பொய்யாகவே தோன்றுகிறது. அவர் கொஞ்சமாகச் செய்யவில்லை, கொஞ்சமாகவே செய்ய விட்டார்கள்.

படத்தின் கடைசியில், ஊர் திரும்பிய சிப்பாய் ரயில் எஞ்சின் மேலேறிச் சமாதானப் பிரசங்கம் செய்கிறான். கூட்டம் ஆரவாரிக்கிறது. போரிஸுக்காகக் கொண்டுவந்த பூக்களை வெரோனிகா எதிர்ப்படுகிறவர்களுக்கெல்லாம் கொடுத்துக்கொண்டு போகிறாள். அந்தப் பிரசங்கத்தை முகம் இன்னும் நம்பவில்லை.