சுரண்டியது யார்?

பண்பாடு, வரலாறு, நகரம் என்று ஆங்கிலத்தில் எழுதுபவர்களுக்கு ஒரு செல்லச் சொல் உண்டு: பாலிம்ப்செஸ்ட். பேச்சில் யாரும் பயன்படுத்த மாட்டார்கள். ஆனால் ஒரு பழைய ஊரைப் பற்றி ஆய்வுக்கட்டுரை எழுத உட்கார்ந்தால், மூன்றாம் பக்கத்துக்குள் எங்கிருந்தாவது வந்து நின்றுவிடும். டெல்லி ஒரு பாலிம்ப்செஸ்ட். இஸ்தான்புல் ஒரு பாலிம்ப்செஸ்ட். மதுரையைக் கேட்கவே வேண்டாம். ‘அடுக்கடுக்கான வரலாறு கொண்டது’ என்று சொல்லவேண்டிய இடத்தில் கொஞ்சம் மிடுக்காக இதைப் போட்டுவிடுகிறார்கள். அதனால் என்ன குறைந்துவிட்டது என்று கேட்கலாம். குறைகிறது என்பதுதான் என் கட்சி. மதுரைக்கு மேற்கே, நாகமலை புதுக்கோட்டையைச் சுற்றியுள்ள குன்றுகளை வைத்து அதைச் சொல்லிப் பார்க்கிறேன்.

முதலில் சொல்லின் பிறப்பு. கிரேக்கத்தில் ‘பாலின்’ என்றால் மறுபடி. ‘ப்செஸ்டோஸ்’ என்றால் சுரண்டப்பட்டது. மறுபடி சுரண்டப்பட்டது, அவ்வளவுதான். ஐரோப்பாவில் தோலில் எழுதினார்கள். ஒரு புத்தகத்துக்கு ஒரு மந்தையே வேண்டும், விலை அதிகம். அதனால் தேவையில்லை என்று தோன்றிய பழைய புத்தகத்தைக் கழுவி, கத்தியால் சுரண்டி, அதன் மேலேயே புதிதாக எழுதினார்கள். மை முழுதாகப் போகாது. அடியில் மங்கலாக நிற்கும்.

பிரபலமான உதாரணம் ஆர்க்கிமிடீஸ். அவருடைய கணித நூல்களை 10ஆம் நூற்றாண்டில் யாரோ தோலில் படியெடுத்தார்கள். 1229இல் ஒருவர் அதைச் சுரண்டி மேலே பிரார்த்தனைப் புத்தகம் எழுதினார். 1906இல் ஹைபெர்க் என்ற டென்மார்க் அறிஞர் கான்ஸ்டான்டிநோபிளில் அதைப் பார்த்து, ஜெபங்களுக்கு அடியில் கணிதம் இருப்பதைக் கண்டுகொண்டார். 1998இல் அந்தப் புத்தகம் 20 லட்சம் டாலருக்கு ஏலம் போனது. அதன்பின் பல அலைவரிசை ஒளியிலும் எக்ஸ் கதிரிலும் படமெடுத்து அடி எழுத்தை வாசித்தார்கள். சிசரோவின் அரசியல் நூல் ஒன்றும் இப்படித்தான் 1819இல் வத்திக்கானில், அகஸ்டினின் சங்கீத உரைக்கு அடியிலிருந்து கிடைத்தது.

கவனிக்கவேண்டியது: இந்தக் கதைகளில் ஒரு கத்தி இருக்கிறது, கத்தியைப் பிடித்த கை இருக்கிறது, ‘இது இனி வேண்டாம்’ என்ற ஒரு முடிவும் இருக்கிறது.

இந்தச் சொல் உருவகமானபோது கத்தி காணாமல் போயிற்று. 1845இல் தாமஸ் டி குவின்சி மனித மூளையையே பாலிம்ப்செஸ்ட் என்றார். நினைவுகள் ஒன்றன்மேல் ஒன்றாக விழுகின்றன, எதுவும் உண்மையில் அழிவதில்லை என்பது அவர் வாதம். நூறு ஆண்டு கழித்து, அகமதுநகர் கோட்டைச் சிறையில் எழுதிய ‘டிஸ்கவரி ஆஃப் இந்தியா’வில் நேரு இந்தியாவை அதே சொல்லால் அழைத்தார். ஒவ்வொரு அடுக்கும் முந்தையதை முழுதாக மறைக்கவும் இல்லை, அழிக்கவும் இல்லை என்பதே அவர் சொல்ல வந்தது. அழகான கனவு. ஆனால் சொல்லின் பொருளோடு வைத்துப் பாருங்கள்: அழித்து எழுதுவதற்கான பெயரை எடுத்து, எதுவும் அழியவில்லை என்று சொல்ல அதைப் பயன்படுத்துகிறார். அதற்குப் பிறகு வந்தவர்கள் பெரும்பாலும் நேருவின் பொருளில்தான் எழுதுகிறார்கள். கத்தியைக் கீழே போட்டுவிட்டு அடுக்குகளை மட்டும் எடுத்துக்கொண்டார்கள்.

தமிழில் இந்த வசதி கிடையாது. ‘சுரண்டெழுத்து’ என்று மொழிபெயர்த்தால் உடனே காதில் வேறொன்று கேட்கும். நம் மொழியில் சுரண்டல் என்பது பாத்திரத்தின் அடிப்பிடித்த சோற்றைக் கரண்டியால் எடுப்பது மட்டுமில்லை. ஒருவன் உழைப்பை இன்னொருவன் எடுத்துக்கொள்வதும்தான். ஆங்கிலச் சொல் மறந்துபோனதைத் தமிழ்ச் சொல் மறக்க விடுவதில்லை. ‘மதுரை ஒரு சுரண்டெழுத்து’ என்று எழுதிப் பாருங்கள். வாசிப்பவர் அடுத்து கேட்பார்: சுரண்டியது யாரு?

இன்னொரு சிக்கல், நம்முடைய எழுதுபொருள். பனையோலையில் எழுத்தாணியால் கீறித்தான் எழுதுவார்கள். கீறியதைக் கழுவ முடியாது. சுரண்டினால் ஓலையே போய்விடும். ஆகவே ஓலையில் பாலிம்ப்செஸ்ட் என்ற பேச்சுக்கே இடமில்லை. ஓலை சில நூறு ஆண்டுகள் தாங்கும். அதற்குள் ஒருவர் உட்கார்ந்து புது ஓலையில் படியெடுத்தால் நூல் பிழைக்கும். எடுக்காவிட்டால் செல்லரித்துப் போகும். உ.வே. சாமிநாதையர் ஏடு தேடிக் கரிவலம்வந்தநல்லூர் கோயிலுக்குப் போனபோது, சிதைந்த பழைய ஏடுகளையெல்லாம் நெய்யில் தோய்த்து ஹோமத்தில் இட்டுவிட்டதாகச் சொன்னார்கள். ஆடிப்பெருக்கில் ஆற்றில் விட்ட ஏடுகளுக்குக் கணக்கே இல்லை. இவற்றை எந்த எக்ஸ் கதிரும் மீட்டுத் தராது. அடியில் எதுவும் இல்லை, ஏனென்றால் அடி என்பதே இல்லை.

அதே நேரம், நம் ஊரில் இதற்கு நேர் எதிரான பழக்கமும் இருந்தது. திருமழபாடி சிவன் கோயிலை இடித்துப் புதிதாகக் கட்ட முதலாம் இராசராசன் ஆணையிட்டபோது, பழைய சுவரின் கல்வெட்டுகளை முதலில் புத்தகத்தில் படியெடுத்து வைத்தார்கள். அவன் மகன் இராசேந்திரன் காலத்தில் அவற்றைப் புதுச் சுவரில் மறுபடி வெட்டினார்கள். இடிப்பதற்கு முன் ஒரு பிரதி. இதையும் பாலிம்ப்செஸ்ட் என்றால் சுரண்டியவனுக்கும் படியெடுத்தவனுக்கும் ஒரே பெயர் ஆகிவிடும்.

இப்போது குன்றுகளுக்குப் போகலாம். நாகமலை புதுக்கோட்டையிலிருந்து சில கிலோமீட்டரில் கொங்கர் புளியங்குளம். குகையின் நெற்றியில் மழைநீர் உள்ளே வராமல் காடி வெட்டி, அதன் கீழே தமிழி எழுத்தில் மூன்று கல்வெட்டுகள். 2000 ஆண்டுகளுக்கு மேல் பழையவை. உள்ளே சமணத் துறவிகளுக்கான கற்படுக்கைகள். ஐராவதம் மகாதேவனின் வாசிப்பில் ஒரு கல்வெட்டு, கூரை வேய்ந்து கொடுத்தவரின் பெயரைச் சொல்கிறது: உபசன் உபறுவன். இன்றைக்குக் கோயில் டியூப்லைட்டில் வெளிச்சத்தை மறைத்துக்கொண்டு ‘உபயம்’ என்று எழுதியிருக்குமே, அதன் கொள்ளுத்தாத்தா. கூரை எப்போதோ மக்கிவிட்டது, பெயர் நிற்கிறது. சுமார் ஆயிரம் ஆண்டு கழித்து, அதே குன்றில் அச்சணந்தி என்ற சமண முனிவர் ஒரு தீர்த்தங்கரர் உருவம் செய்வித்து, வட்டெழுத்தில் தன் பெயரைப் பொறிக்கிறார். எங்கே? தமிழிக் கல்வெட்டின் மேல் இல்லை. வேறு பாறையில்.

கீழக்குயில்குடி சமணர் மலையிலும் இதே கதைதான். பேச்சிப்பள்ளத்தில் வரிசையாகத் தீர்த்தங்கரர்கள், ஒவ்வொன்றின் கீழும் செய்வித்தவர் பெயர் வட்டெழுத்தில். அச்சணந்தியின் தாயார் குணமதியார் பெயரும் அதில் உண்டு. மலைக்கு மேலே ஒரு கன்னடக் கல்வெட்டு. அடிவாரத்தில் அய்யனார், தாமரைக்குளம். யாரும் யார் மேலும் எழுதவில்லை. பக்கத்தில் இடம் இருந்தது, பக்கத்தில் எழுதினார்கள். பேருந்தில் ‘கொஞ்சம் தள்ளி உக்காருங்க’ என்பதைப் போல. இதற்குப் பெயர் அடுக்கு இல்லை, அண்டை.

அப்படியானால் மதுரையில் உண்மையான பாலிம்ப்செஸ்டே இல்லையா? இருக்கிறது. திருப்பரங்குன்றத்தின் பின்பக்கம், தென்பரங்குன்றத்தில் உமையாண்டார் குடைவரை. முதலில் அது சமணக் குகை. 13ஆம் நூற்றாண்டில் சிவன் கோயிலாக மாறியது. உள்ளே இருந்த தீர்த்தங்கரர் உருவத்தைச் செதுக்கி அர்த்தநாரீசுவரர் ஆக்கியிருக்கிறார்கள் என்கிறார்கள் ஆய்வாளர்கள். பழைய உருவத்துக்கு மேலே விரிந்திருந்த மரம் அப்படியே நிற்கிறது. இங்கே உளி இருக்கிறது, கை இருக்கிறது, ‘இது இனி வேண்டாம்’ என்ற முடிவும் இருக்கிறது. அகராதி சொல்லும் பொருளில் இதுதான் பாலிம்ப்செஸ்ட். இதைச் சொல்வது 800 ஆண்டுக்கு முந்தைய கணக்கை இன்றைக்கு யாரிடமும் தீர்க்க அல்ல. நடந்ததை நடந்ததாகச் சொல்லும் திராணி ஒரு சொல்லுக்கு இருக்கவேண்டும் என்பதற்காக.

உளி இல்லாமலும் மேலெழுதலாம். திருவிளையாடற் புராணத்தில், பாண்டியனை அழிக்கச் சமணர்கள் வேள்வியிலிருந்து ஒரு பெரும் நாகத்தை ஏவுகிறார்கள். மன்னனின் அம்பு பட்டு அது விழுந்த இடம்தான் நாகமலை. யானைமலைக்கும் பசுமலைக்கும் இதே மாதிரிக் கதை உண்டு. சமணர்கள் படுத்துறங்கி, படித்து, நோன்பிருந்த மலைத்தொடர், கதையில் சமணர்கள் ஏவிய ஆயுதமாகிவிட்டது. ஆனாலும் அடி எழுத்து மங்கலாகத் தெரிகிறது. இந்த மலைகளுக்கும் சமணர்களுக்கும் ஏதோ சம்பந்தம் இருந்தது என்பதை, எதிர்ப்பதற்காகவேனும், அந்தக் கதை காப்பாற்றி வைத்திருக்கிறது.

மூன்றாவது ஒன்று இருக்கிறது. கல்குவாரி.

நான் நிரல் எழுதிப் பிழைப்பவன். பழைய ஹார்ட் டிஸ்கில் ஒரு கோப்பை அழித்தால் அது உடனே போகாது. அந்த இடம் காலி என்று குறிப்பு மட்டும் மாறும். மேலே வேறொன்று எழுதப்படும்வரை மீட்டெடுக்கலாம். இன்றைய எஸ்எஸ்டியில் ‘ட்ரிம்’ என்றொரு கட்டளை உண்டு. அது ஓடி முடித்துவிட்டால் மீட்பது அநேகமாக நடக்காது. திரையில் இரண்டுக்கும் ஒரே ‘டெலிட்’ பொத்தான்தான். எது நடந்தது என்பது, கோப்பு திரும்பத் தேவைப்படும் அன்றைக்குத்தான் தெரியும்.

பாலிம்ப்செஸ்ட் என்ற சொல்லும் அப்படியொரு பொத்தானாகிவிட்டது. அது ஓர் ஆறுதலைக் கூடவே விற்கிறது: கவலைப்படாதே, அடியில் இருக்கும், என்றாவது ஒரு ஹைபெர்க் வருவார். மேலூர்ப் பக்கம் பாறைகளைச் சதுரம் சதுரமாக அறுத்தெடுத்த குழிகளைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், அங்கே எந்த ஹைபெர்க்குக்கும் வேலை இல்லை. அரிட்டாபட்டியில் தமிழிக் கல்வெட்டும் சமண உருவமும் பாண்டியர் காலக் குடைவரைச் சிவன் கோயிலும் ஒரே ஊரில் அண்டையாக இருக்கின்றன. 2024 நவம்பரில் அந்தப் பகுதி டங்ஸ்டன் சுரங்க ஏலத்தில் போனதாக அறிவிப்பு வந்தது. ஊர்க்காரர்கள் போராடினார்கள், 2025 ஜனவரியில் ஒன்றிய அரசு ஏலத்தை ரத்து செய்தது. ‘எங்கள் ஊர் ஒரு பாலிம்ப்செஸ்ட், ஒரு அடுக்கு போனால் இன்னொரு அடுக்கு வரும்’ என்று அவர்கள் நினைத்திருந்தால் தெருவுக்கு வந்திருக்க மாட்டார்கள்.

சொற்கள் பொருள் மாறுவது இயல்புதானே, உருவகத்தை இவ்வளவு கறாராகப் பிடிக்கலாமா என்று கேட்கலாம். மாறட்டும். ‘நாற்றம்’ ஒரு காலத்தில் மணம்தான். ஆனால் நாற்றம் மாறியபோது மணத்தைச் சொல்ல வேறு சொற்கள் மிச்சம் இருந்தன. இங்கே பக்கத்தில் எழுதியது, சுரண்டி எழுதியது, வேரோடு வெட்டி எடுத்தது ஆகிய மூன்றும் ஒரே சொல்லுக்குள் கரைகின்றன. முதலாவதில் குற்றவாளி இல்லை, இரண்டாவதில் இருக்கிறார், மூன்றாவதில் இப்போதும் லாரியோடு நிற்கிறார். மூன்றையும் ‘அடுக்கு’ என்று அழைத்தால் லாபம் யாருக்கு என்பதை யோசித்துக்கொள்ளலாம்.

ஆகவே இந்தச் சொல்லை விரட்டவேண்டும் என்று சொல்லவில்லை. நல்ல சொல், அதற்கான இடம் தென்பரங்குன்றத்தில் இருக்கிறது. அடுத்த முறை ஒரு கட்டுரையில் பாலிம்ப்செஸ்ட் கண்ணில் பட்டால் மூன்று கேள்வி கேளுங்கள். சுரண்டியது யார்? எதை வைத்து? அடியில் இன்னும் ஏதாவது மிச்சம் இருக்கிறதா? எழுதியவரிடம் பதில் இருந்தால் மேலே வாசியுங்கள். இல்லையென்றால், அவர் சொல்ல வந்தது ‘ரொம்பப் பழைய ஊர்’ என்று மட்டும்தான். அதைச் சொல்ல கிரேக்கத்துக்குப் போகவேண்டியதில்லை.