விழுந்தாரா, வழுக்கினாரா?

‘தி ஃபைட்டர்’ (2010) படத்தில் கிறிஸ்டியன் பேல் ஏற்றது டிக்கி எக்லண்ட் வேடம். 1978-ல் சுகர் ரே லெனார்டையே வீழ்த்தியதாகப் பெருமை பேசும் லோவல் நகரத்துக் குத்துச்சண்டைக்காரர். லெனார்ட் வழுக்கித்தான் விழுந்தார் என்பாரும் உண்டு. ஒட்டிய கன்னம், நிலைகொள்ளாத கண், ஓயாத வாய். மெலிந்ததற்காகவா ஆஸ்கர் கொடுத்தார்கள்? பட்டினி கிடக்க யாராலும் முடியும். அந்த வாய்தான் நடிப்பு. படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது அசல் டிக்கியே வருகிறார். அசல் எது, நகல் எது என்று ஒரு நொடி தடுமாறிப்போனேன்.

பிறகு ‘ஃபோர்ட் வெர்சஸ் ஃபெராரி’யில் (2019) கார்ப் பந்தய வீரர் கென் மைல்ஸ். 1966 லெ மான்ஸ் பந்தயத்தில் வெற்றி கைக்கெட்டும் தூரத்தில் இருக்க, தானே வேகத்தைக் குறைக்கும் இடம். வசனமே வேண்டியிருக்கவில்லை, ஸ்டியரிங்கைப் பிடித்தபடி ஒரு சின்னச் சிரிப்பு, அவ்வளவுதான்.