அறியாது சொன்ன சொல்

1995-இல் வெளிவந்த திருவிவிலியப் பொது மொழிபெயர்ப்பின் சிறப்புகளுள் ஒன்று அதிகம் பேசப்படுவதில்லை. யோவான் நற்செய்தி 9-ஆம் அதிகாரத்தில், பழைய மொழிபெயர்ப்பில் 'பிறவிக் குருடன்' என நின்றவர் இங்கே 'பார்வையற்ற ஒருவர்' ஆகிறார். 'ன்' விகுதி நீங்கி 'ர்' விகுதி வந்தது. இரந்துண்டு வாழ்ந்தவருக்கு 'அவர்' என்னும் மதிப்புக் கிடைத்தது. கிரேக்க மூலத்தில் இவ்வேறுபாடு கிடையாது. தமிழில் மொழிபெயர்ப்போர்க்கே உரிய பொறுப்பு இது. அதனை அவர்கள் செவ்வனே ஆற்றியுள்ளனர்.

எனினும் அவ்வதிகாரத்தில் அவரை மிகுதியும் புண்படுத்துவது எது? சீடர்கள் கேட்ட கேள்வியே. இவர் இப்படிப் பிறக்க யார் செய்த பாவம் காரணம், இவரா, பெற்றோரா என்கிறார்கள். அவர்கள் கொடியவர்கள் அல்லர். ஊரார் நம்பியதையே நம்பினார்கள். ஆண்டவர் அவர்களைக் கடியவில்லை. எவர் பாவமும் காரணமன்று எனத் தெளிவுறக் கூறி, கேள்வியின் வேரையே களைகிறார். அதிகாரத்தின் முடிவிலோ, தமக்கு எல்லாம் தெரியும் என்று சாதித்த பரிசேயரிடம் கடுமை காட்டுகிறார். அறியாமைக்குப் போதனை, பிடிவாதத்திற்குக் கண்டனம் என்பதே அங்கு நாம் காணும் நீதி.

திருச்சபையின் அண்மை வரலாற்றிலும் இதற்குச் சான்றுண்டு. புனித வெள்ளி மன்றாட்டில் யூதர்களைக் குறித்து வழங்கிய ஓர் இலத்தீன் அடைமொழி, 'விசுவாசமற்ற' என்னும் பொருளில் தோன்றி, 'வஞ்சகமான' என்றே செவியில் ஒலித்தது. 1959-இல் திருத்தந்தை 23-ஆம் யோவான் அதனை நீக்கினார். 1963-இல் வழிபாடு நடத்தியவர் பழக்கத்தால் அச்சொல்லை உரைத்தபோது, திருத்தந்தை இடைநிறுத்தி, மன்றாட்டைத் திருத்தமாக மீண்டும் சொல்லச் செய்தார். சொல் அப்படியே விடப்படவில்லை, சொன்னவரும் தள்ளப்படவில்லை.

பூந்தமல்லியில் குருத்துவக் கல்லூரியும் உண்டு. பார்வையற்றோர்க்கான அரசுப் பள்ளியும் உண்டு. அப்பள்ளியைக் 'குருட்டுப் பள்ளி' என்று கூறும் முதியோர் இன்றும் உளர். இளையோர் சிலர் பலர் முன்னிலையில் அவர்களைக் கடிந்துகொள்கின்றனர். ஆனால் அம்முதியோர் கற்ற வேதாகமமே அச்சொல்லைத் தந்தது. 'பார்வையற்றோர்' என்பதும் பின்னர் 'பார்வை மாற்றுத்திறனாளி'க்கு இடம் தந்து வருகிறது. இன்று திருத்துகிறவரே நாளை திருத்தப்படலாம். மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 2016-உம், பொதுவிடத்தில் இழிவுபடுத்தும் நோக்குடன் வேண்டுமென்றே அவமதிப்பதையே குற்றமாக்குகிறது.

ஆயினும் நோக்கமில்லை என்பதால் காயம் ஆறிவிடுவதில்லை. சொன்னவரின் உள்ளம் தூயதென்று கேட்டவரின் நோவை மறைத்தல் அநீதியே. ஆகவே மௌனமும் தீர்வாகாது. அச்சொல் புண்படுத்துகிறது என்பதைத் தனியே, தாழ்ந்த குரலில், காரணத்தோடு உணர்த்துவோம். உணர்ந்தபின்னும் விடாதவரிடமே கண்டிப்பு வேண்டும்.

இறுதியாக ஒன்று. விவிலியத்தில் சொல் மாறிற்று. மறையுரைகளில் பாவத்திற்கு உவமையாக 'குருடு' இன்னும் வந்துகொண்டிருக்கிறது. பார்வையற்ற ஒருவர் அருகமர்ந்து கேட்கிறார் என எண்ணினால் அவ்வுவமை நம் நாவில் எழுமா? முதியோரைத் திருத்துமுன் இதனை நாம் சிந்திப்போமாக.