சாட்சியைக் கண்ட நீதிமன்றம் எது? விடுதலைத் தீர்ப்புகளும் மேல்முறையீட்டு வரம்பும்

முன்னுரை

குற்ற வழக்கில் வழங்கப்பட்ட விடுதலையை மேல் நீதிமன்றம் எப்போது மாற்றலாம் என்னும் வினாவுக்கு இந்திய நீதிமன்றங்கள் தரும் விடையின் அடிப்படை 1934-இல் அமைந்தது. சியோ ஸ்வரூப் எதிர் பேரரசர் வழக்கில் பிரிவி கவுன்சிலின் தீர்ப்பை வழங்கிய கில்லோவன் ரசல் பிரபு, விடுதலைக்கு எதிரான மேல்முறையீட்டிலும் சாட்சியம் முழுவதையும் மறுஆய்வு செய்ய உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு என்றார். ஆயினும் நான்கு கூறுகளை அந்நீதிமன்றம் மனங்கொள்ள வேண்டும் என்றும் வரையறுத்தார். சாட்சிகளின் நம்பகத்தன்மை குறித்து விசாரணை நீதிபதி கொண்ட கருத்து, குற்றமற்றவர் என்னும் அனுமானம், சந்தேகத்தின் பலன், சாட்சிகளை நேரில் கண்ட நீதிபதியின் முடிவை மாற்றுவதில் காட்டவேண்டிய தயக்கம் ஆகியன அவை.

இவற்றை உச்ச நீதிமன்றம் 2007-இல் சந்திரப்பா எதிர் கர்நாடக அரசு வழக்கில் தொகுத்துரைத்தது. விடுதலை பெற்றவருக்கு அனுமானம் இரட்டிப்பாகிறது; சாட்சியத்திலிருந்து ஏற்கத்தக்க இரு முடிவுகள் எழுமாயின் விடுதலையைக் கலைக்கலாகாது. இந்நெறி எல்லா விடுதலைகளுக்கும் ஒரே வலிமையுடன் பொருந்துமா என்பதே இக்கட்டுரையின் வினா.

இரு அடிப்படைகள்

ரசல் பிரபு கூறிய நான்கனுள் அனுமானமும் சந்தேகத்தின் பலனும் குற்றஞ்சாட்டப்பட்டவரின் உரிமை சார்ந்தவை. எஞ்சிய இரண்டும் விசாரணை நீதிபதியின் நேர்க்காட்சி சார்ந்தவை. விசாரணை நீதிமன்றமே விடுதலை செய்தால் இவ்விரு அடிப்படைகளும் ஒரே பக்கம் நிற்கின்றன. விசாரணை நீதிமன்றம் தண்டித்து, உயர் நீதிமன்றம் விடுதலை செய்தால் அவை பிரிந்துவிடுகின்றன. உரிமை குற்றஞ்சாட்டப்பட்டவரிடம் நிற்க, நேர்க்காட்சி தண்டித்த நீதிபதியிடம் நிற்கிறது. சந்திரப்பா வழக்கின் நெறிகள் விசாரணை நீதிமன்றம் வழங்கிய விடுதலையைச் சுட்டியே அமைந்தவை என்பது இங்குக் கருதத்தக்கது.

மூன்று தமிழக வழக்குகள்

தமிழகத்தில் பெரிதும் பேசப்பட்ட மூன்று விடுதலைகள் உயர் நீதிமன்றங்கள் வழங்கியவை. டான்சி நில வழக்கில் 2000-இல் தண்டிக்கப்பட்ட ஜெ. ஜெயலலிதாவைச் சென்னை உயர் நீதிமன்றம் 2001-இல் விடுதலை செய்தது. 2003-இல் உச்ச நீதிமன்றம் அவ்விடுதலையை உறுதிசெய்தது. நிலத்தைத் திருப்பியளித்து மனச்சான்றுக்கு விடைகூற வேண்டும் என்று அறிவுறுத்திய பின்னும், அந்த அற அதிருப்தியைத் தண்டனைக்குரிய காரணமாக அது கொள்ளவில்லை.

சொத்துக்குவிப்பு வழக்கில் 2014-இல் பெங்களூரு தனி நீதிமன்றம் விதித்த தண்டனையைக் கர்நாடக உயர் நீதிமன்றம் 2015-இல் நீக்கியது. கடன் தொகைகளின் கூட்டல் 10,67,31,274 ரூபாய் என அமைய வேண்டிய இடத்தில் 24,17,31,274 ரூபாய் எனத் தீர்ப்பில் இடம்பெற்றது. வருமானத்துக்கு மிஞ்சிய சொத்து 8.12 விழுக்காடே என்னும் முடிவு இப்பிழையைச் சார்ந்திருந்தது. உச்ச நீதிமன்றம் 14.02.2017 அன்று விசாரணை நீதிமன்றத் தீர்ப்பை மீட்டது. ஜெயலலிதா அதற்குமுன் மறைந்துவிட்டதால் அவரைப் பொறுத்தவரை வழக்கு அற்றுப்போயிற்று. தவறான கூட்டலை ‘ஏற்கத்தக்க மற்றொரு முடிவு’ என்று எவரும் காக்க இயலாது. இவ்விரு வழக்குகளிலும் முதன்மையானவை ஆவணங்களும் சட்டப்பொருளுமே. ஆவணத்தை எந்த நீதிமன்றமும் சமமாகவே படிக்கிறது.

கீழ்வெண்மணி வழக்கு இதனின் வேறுபட்டது. 1968 டிசம்பர் 25 அன்று 44 பேர் எரித்துக் கொல்லப்பட்ட அவ்வழக்கில், 1970-இல் விசாரணை நீதிமன்றம் கோபாலகிருஷ்ண நாயுடு உள்ளிட்டோருக்கு 10 ஆண்டுச் சிறை விதித்தது. 1973-இல் சென்னை உயர் நீதிமன்றம் அவர்களை விடுதலை செய்தது. செல்வந்தரான மிராசுதாரர்கள் தாமே நடந்து சென்று தீயிட்டிருப்பர் என்பது நம்பத்தக்கதன்று என்னும் ஊகம் அத்தீர்ப்பில் இடம்பெற்றது. சாட்சிகளை நேரில் கேட்ட நீதிபதியின் முடிவு, அவர்களைக் காணாத நீதிமன்றத்தின் சமூக ஊகத்துக்கு இடங்கொடுத்தது. நேர்க்காட்சிக்குரிய மதிப்பு இங்கு எப்பக்கம் சேர வேண்டியது என்பது வெளிப்படை.

வழிகளின் சமமின்மை

கீழ் நீதிமன்றம் வழங்கிய விடுதலையை மாற்றி உயர் நீதிமன்றம் மரண தண்டனை விதித்தால், அரசமைப்பின் 134-ஆம் உறுப்பின்படி உச்ச நீதிமன்றத்தை அணுகுவது தண்டிக்கப்பட்டவரின் உரிமை. உயிரும் விடுதலையும் பறிபோகும் நிலையில் இது நியாயமே. உயர் நீதிமன்றம் தண்டனையை நீக்கி விடுதலை செய்தாலோ, 136-ஆம் உறுப்பின்கீழ் சிறப்பு அனுமதி கோருவதே வழி. 2009 திருத்தம் பாதிக்கப்பட்டவருக்கு அளித்த மேல்முறையீட்டு உரிமையும் விசாரணை நீதிமன்ற விடுதலைகளிலேயே பெரிதும் பயன்படுகிறது. ஆகவே, நேர்க்காட்சியின் துணையற்ற விடுதலையே எதிர்த்துச் செல்வதற்கு அரியதாக உள்ளது.

மொழியும் மெய்ப்பாடும்

இச்சிக்கல் பெருவழக்குகளோடு முடிவதன்று. மாதவரத்துச் சரக்குக் கிடங்கில் நடந்த தாக்குதலைக் கண்ட சுமைத் தொழிலாளி ஒருவர் வடசென்னைத் தமிழில் சாட்சி சொல்வதாகக் கொள்வோம். அவருடைய தயக்கம், சினம், அச்சம் ஆகிய மெய்ப்பாடுகளை விசாரணை நீதிபதி காண்கிறார். அவருடைய சொல் ‘கண்டேன்’ என்னும் பொருளதா, ‘கேள்விப்பட்டேன்’ என்னும் பொருளதா என்பதையும் அங்கேயே கேட்டுத் தெளிகிறார். உச்ச நீதிமன்றத்தை எட்டும்போது எஞ்சுவது ஆங்கில மொழிபெயர்ப்பு. எனவே நேர்க்காட்சி என்பது கண்ணால் காண்பது மட்டுமன்று. மொழியறிவும் அதில் அடங்கும்.

மெய்ப்பாட்டை அளவுகடந்து நம்புவதும் இடரே. ஆதிக்கமுடையோர் எதிரில் அஞ்சும் சாட்சி, பொய்யுரைப்பவர் போலத் தோன்றக்கூடும். ஆயினும் அவ்வச்சத்தின் சூழலை உணரும் வாய்ப்பும் விசாரணை மன்றத்துக்கே மிகுதி.

முடிவுரை

விடுதலையைக் காக்கும் தயக்கம் தளர்த்தப்பட வேண்டியதன்று. அதன் காரணம் வழக்குதோறும் தெளிவாக்கப்பட வேண்டியது. வாய்மொழிச் சாட்சியத்தை மதிப்பிட்டு விசாரணை நீதிமன்றம் வழங்கிய விடுதலைக்கு அத்தயக்கம் முழு அளவில் உரியது. ஆவணக் கணக்கிலோ சட்டப்பொருளிலோ பிழை வெளிப்படின் தலையிடத் தடையில்லை. தண்டனையை நீக்கி உயர் நீதிமன்றம் வழங்கிய விடுதலையிலும் குற்றமற்றவர் என்னும் அனுமானம் காக்கப்பட வேண்டும். ஆனால் சாட்சியைக் கண்ட நீதிமன்றத்தின் கருத்து ஏன் தள்ளப்பட்டது என்பதற்குச் சாட்சியத்திலிருந்தே காரணம் காட்டப்பட்டுள்ளதா என்பதை மேல் நீதிமன்றம் ஆராய வேண்டும். அக்காரணம் ஊகமாக மட்டும் இருப்பின், அதனை ஏற்கத்தக்க மற்றொரு முடிவு எனக் கொள்வதற்கில்லை.