கருத்தம்மா கேட்காத கேள்வி

எழுமலையிலிருந்து உசிலம்பட்டி; அங்கிருந்து ஆண்டிபட்டிக் கணவாயைக் கடந்தால் தேனி. இந்த வழியை எழுமலைத் தோழர்கள் நன்கறிவர். அந்தத் தேனி அல்லிநகரத்தில் 1941ஆம் ஆண்டு பிறந்த சின்னச்சாமிதான், பாரதிராஜா எனும் பெயரில் தமிழ்த் திரைக்குப் புதுப்பாதை வகுத்தவர்.

கன்னட இயக்குநர் புட்டண்ணா கனகலிடம் தொழில் பயின்றார். 1977இல் ‘16 வயதினிலே’ தந்தார். அட்டை அரண்மனைகளில் அடைபட்டுக் கிடந்த காமிராவைக் களத்துமேட்டுக்குக் கொணர்ந்தார். கோவணம் கட்டிய சப்பாணியைக் கதைத் தலைவன் ஆக்கினார். பாராட்டுகிறோம்! ஆனால் பகுத்தறிவாளன் பாராட்டு ஆலத்தி எடுப்பதன்று. உரைகல்லில் உரசிப் பார்ப்பது. சிற்றூரைக் காட்டினார், சரி. சிற்றூரைக் கேள்வி கேட்டாரா?

கேட்டார், 1987இல், ‘வேதம் புதிது’ படத்தில். சத்யராஜ் ஏற்ற பாலுத்தேவர் கடவுளை மறுப்பவர். சாதியையோ பெயரின் வாலில் சுமப்பவர். அந்த வால் படித்துப் பெற்ற பட்டமா என்று பார்ப்பனச் சிறுவன் ஒருவன் கேட்கிறான். பெரியவர் கன்னத்தில் அறை விழுந்தாற்போல் காட்டுகிறார் இயக்குநர். அந்த அறை அவருக்கு மட்டுமா? நமக்குந்தான்! கோயிலுக்குப் போகாதிருத்தல் எளிது. கொண்டான் கொடுத்தானில் சாதி பாராதிருத்தல் அரிது. வைதிகனைச் சாடியதோடு நில்லாமல், நாத்திகனையும் கூண்டிலேற்றிய துணிவே அப்படத்தின் உயிர்.

அடுத்து, ‘கருத்தம்மா’. உசிலம்பட்டி வட்டாரத்தில் பெண் சிசுக்கள் கொல்லப்படும் கொடுமையை 1986இல் ‘இந்தியா டுடே’ ஏடு நாடறியச் செய்தது. 1992இல் தமிழக அரசு சேலத்தில் தொட்டில் குழந்தைத் திட்டம் தொடங்கியது. 1994இல் வந்தது இப்படம்; குடும்பநலப் படத்துக்கான தேசிய விருதும் பெற்றது. மூன்றாவதும் பெண்ணா, கொன்றுவிடு என்னும் தந்தை மொக்கையனாக நடித்தவர், பகுத்தறிவு மேடைகளில் முழங்கிய பேராசிரியர் பெரியார்தாசன். அவன் அரக்கன் அல்லன். வரதட்சணைக்கு அஞ்சிய ஏழை. அந்த உண்மையை ஒளிக்காதது படத்தின் பெருமை.

குறை எங்கே? கொல்லச் சொன்ன குழந்தை காப்பாற்றப்படுகிறது. நகரில் வளர்ந்து மருத்துவராகத் திரும்புகிறது. நோயில் விழுந்த தந்தைக்கு அந்த மகளே மருந்தூட்டுகிறாள். அரங்கம் கண்ணீர் வடிக்கிறது. கண்ணீரைத் துடைத்துவிட்டுச் சிந்தியுங்கள்! அவள் மருத்துவர் ஆகாதிருந்தால்? களையெடுக்கும் கூலியாகவே வாழ்ந்திருந்தால்? தந்தைக்கு ஒரு பயனும் இல்லாதவளாய் இருந்திருந்தால்? அப்போது அந்தக் கொலை நியாயமாகிவிடுமா? ‘பயன்பட்டாள், ஆகவே வாழத் தகுந்தவள்’ என்பது உரிமை அன்று, பேரம். பிள்ளையைச் செலவென்று எழுதிய அதே கணக்கேட்டில் வரவென்று திருத்தி எழுதுவது! ஆண் குழந்தையிடம் எவரேனும் இந்தக் கணக்குக் கேட்டதுண்டா?

படிக்காத, உழைக்கின்ற மகளான கருத்தம்மாவின் பெயரையே படத்துக்குச் சூட்டினார் இயக்குநர். விடை அவர் கையருகே இருந்தது. ஆனால் தீர்ப்பின் பாரத்தை மருத்துவ மகள்மீதே ஏற்றிவிட்டார். பூர்விகச் சொத்தில் மகளுக்குச் சமபங்கு தரும் சட்டம் 1989இலேயே தமிழகத்தில் வந்துவிட்டது. தந்தையின் காணியில் என் பங்கு எங்கே என்று கருத்தம்மா கேட்டிருந்தால், வரதட்சணையின் வேரல்லவா ஆடியிருக்கும்!

எருக்கம்பால் குடிசையின் கருவி என்றால், கருவில் பாலறியும் பொறி மாளிகையின் கருவி. அதைத் தடுக்கச் சட்டம் வந்ததும் இப்படம் வந்த 1994இல்தான். ஆகவே ஓர் ஊரை, ஒரு சாதியைப் பழித்துவிட்டு நாம் தப்பிவிட முடியாது.

இளைஞர்காள்! பாரதிராஜா பாதி வழி அழைத்து வந்தார், நன்றி சொல்வோம். மீதி வழி நம்முடையது. பெண் குழந்தை பிறந்த வீட்டில், ‘இவளும் சாதிப்பாள்’ என்று ஆறுதல் கூறாதீர்கள். ‘பிறந்தாள், அது போதும். பங்கு எழுதுங்கள்’ என்று கூறுங்கள்!