இரண்டு சுரங்கள் போதும் அவருக்கு

ஜாஸ் சாக்ஸபோன் கலைஞர் சோனி ரோலின்ஸின் 'செயின்ட் தாமஸ்' பதிவைக் கேட்பவர்கள் அந்தக் கலிப்ஸோ மெட்டின் துள்ளலிலேயே சொக்கிவிடுவார்கள். எனக்கு அதன் பிறகு வருவதுதான் விருந்து. மெட்டு முடிந்து தனி வாசிப்பு தொடங்கும்போது, ரோலின்ஸ் வெறும் இரண்டு சுரங்களை எடுத்துக்கொள்கிறார். வெட்டி வெட்டி ஊதுகிறார். தாளத்தில் சற்றுத் தள்ளிப் போடுகிறார், முன்னே இழுக்கிறார், மறுபடி அதையே சொல்கிறார். அவற்றை நன்றாகப் பழக்கிய பிறகுதான் நீளமான ஓட்டங்களை அவிழ்த்துவிடுகிறார். டெனர் சாக்ஸபோனில் அடுக்கடுக்காகச் சுரங்களைக் கொட்ட அன்று பலர் இருந்தார்கள். ஒரு சின்னப் பிடியை விடாமல் வைத்துக்கொண்டு, நம் காதெதிரே யோசித்தவர் இவர்.

நியூயார்க்கின் ஹார்லெமில் 1930இல் பிறந்தவர். பெற்றோரின் பூர்வீகம் கரீபியனின் வர்ஜின் தீவுகள். 'செயின்ட் தாமஸ்' மெட்டே அம்மா பாடக் கேட்டதுதான். இளமையில் ஹெராயினில் சிக்கி, சிறைக்கும் போய், சிகிச்சை பெற்று மீண்டார். 'செயின்ட் தாமஸ்' இடம்பெற்ற 'சாக்ஸபோன் கொலோசஸ்' இசைத்தட்டு 1956 ஜூன் 22இல் பதிவானபோது அவருக்கு வயது 25. நான்கே நாளில், அவர் வாசித்துவந்த குழுவின் டிரம்பெட் மேதை கிளிஃபர்ட் பிரவுன் கார் விபத்தில் போய்விட்டார்.

அதே தட்டில் இருக்கும் 'ப்ளூ 7' இன்னும் ஆழமானது. டக் வாட்கின்ஸின் பாஸ் தனியாக நடைபோட, ரோலின்ஸ் நாலைந்து சுரங்களோடு உள்ளே வருகிறார். எந்த ஆதார சுருதியில் நிற்கிறார் என்று சட்டெனப் பிடிபடாது. பதினோரு நிமிடமும் அந்தத் துணுக்குக்கே புதுப்புதுச் சங்கதிகள். இசையமைப்பாளரும் விமர்சகருமான கன்தர் ஷுல்லர் 1958இல் இதை அணு அணுவாக அலசிப் பாராட்டிக் கட்டுரை எழுதினார். ரோலின்ஸுக்கோ அந்தப் புகழ்ச்சி கூச்சத்தைத்தான் தந்தது.

1959இல், பெயர் உச்சத்தில் இருந்தபோதே மேடையை விட்டு இறங்கினார். தன் வாசிப்பு போதவில்லை என்பது அவர் எண்ணம். அடுக்ககத்தில் பக்கத்து வீட்டுப் பெண் கர்ப்பமாக இருந்ததால், வீட்டில் ஊத மனம் வரவில்லை. வில்லியம்ஸ்பர்க் பாலத்து நடைபாதைக்குப் போனார். ரயில் இரைச்சலுக்கும் கீழே போகும் படகுகளின் சங்கொலிக்கும் நடுவே, வெயிலிலும் பனியிலும் மணிக்கணக்காகச் சாதகம். இப்படி இரண்டு வருடங்களுக்கு மேல்.

திரும்பி வந்து 1962இல் வெளியிட்ட 'தி பிரிட்ஜ்' தட்டில் விமர்சகர்கள் புரட்சியை எதிர்பார்த்தார்கள். முன்போலத்தானே இருக்கிறது என்று முகம் சுளித்தார்கள். அவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. பியானோவுக்குப் பதில் ஜிம் ஹாலின் கிதாரை வைத்துக்கொண்டதிலேயே பாதி வேலை நடந்துவிட்டது: ஹால் கோடி காட்டிவிட்டு ஒதுங்கிக்கொள்கிறார், சாக்ஸபோனுக்கு மூச்சுவிட இடம் கிடைக்கிறது. 'காட் ப்ளெஸ் தி சைல்ட்' கேளுங்கள். பில்லி ஹாலிடேயின் அந்தப் பாட்டை ரோலின்ஸ் அலங்கரிக்கவே இல்லை. கனத்த குரலில் ஒவ்வொரு சுரத்தையும் முழுசாக ஊதி, அடுத்ததற்கு அவசரப்படாமல் நிற்கிறார். 1956இன் ரோலின்ஸுக்கு இந்த நிதானம் கைவந்திருக்காது.