இந்திரஞாலத் தேரும் ஆயிரத்தெட்டு அண்டங்களும்: கந்தபுராணக் கற்பனை பற்றிய ஒரு மதிப்பீடு

சிம்பாங் பூலாயில் ஒரு கோயில் மண்டபத்தில், கந்தசஷ்டி மாலையொன்றில் நிகழ்ந்த புராணச் சொற்பொழிவைக் கேட்கும் வாய்ப்பு நமக்குக் கிட்டியது. சூரபன்மன் ஆண்ட ஆயிரத்தெட்டு அண்டங்களைச் சொற்பொழிவாளர் விவரித்துக்கொண்டிருந்தபோது, நான்காம் படிவ மாணவன் ஒருவன் எழுந்து, “இது ‘மல்டிவர்ஸ்’தானே ஐயா?” என்று கேட்டான். 2022-இல் திரைக்கு வந்த ‘டாக்டர் ஸ்டிரேஞ்ச்’ படத்தை அவன் பார்த்திருக்கக்கூடும். மேலைநாட்டார் இன்று சொல்வதை நம் முன்னோர் அன்றே சொல்லிவிட்டனர் என்று விடை வந்தது, மண்டபம் கைதட்டியது. நாம் கைதட்டவில்லை. அந்த விடை கச்சியப்ப சிவாசாரியாருக்குப் பெருமை சேர்ப்பதுபோல் தோன்றினும், அவர் செய்த வேலையை நம் கண்ணிலிருந்து மறைத்துவிடுகின்றது என்பதே நம் கருத்து.

காஞ்சிக் குமரகோட்டத்து அருச்சகரான கச்சியப்பர், வடமொழிச் சங்கர சங்கிதையின் ஒரு பகுதியை முதலாகக் கொண்டு பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட பாடல்களில் இக்காப்பியத்தை அமைத்தார். அசுர காண்டத்தில் சூரபன்மன் வேள்வி செய்து வரம் பெறுகிறான். ஆயிரத்தெட்டு அண்டங்களை நூற்றெட்டு யுகம் ஆளும் உரிமையும், அவ்வண்டங்கள் எங்கும் சென்றுவர இந்திரஞாலத் தேரும் அவனுக்குக் கிடைக்கின்றன. அண்டங்களின் அமைப்பைக் கூறுவதற்கென்றே அண்டகோசப் படலம் தனியே உண்டு. இவற்றை அறிவியல் முன்னறிவிப்பு எனக் கொள்ள இடமில்லை. இயற்பியலறிஞர் எவரெட் 1957-இல் வெளியிட்ட பல்லுலகக் கொள்கை குவாண்டம் அளவீட்டுச் சிக்கலுக்கு விடை தேடியது. கச்சியப்பரின் சிக்கல் வேறு. அளவற்ற அதிகாரம் பெற்ற ஓர் அரசனைக் கதைக்குள் எவ்வாறு நிறுத்துவது என்பதே அது.

அதற்கு அவர் புனைந்த கருவியே அத்தேர். யுத்த காண்டத்தில் அது செய்யும் வேலைகளைக் கவனித்துப் பார்த்தல் வேண்டும். படைகளெல்லாம் மடிந்தபின், மாயை சொன்ன வழியில், இறந்தோரை எழுப்பவல்ல மந்தர மலையைக் கொணருமாறு சூரன் தேரை ஏவுகிறான். மலை வருகிறது, மாண்ட அசுரர் எழுகின்றனர், முருகன் அவர்களை மீண்டும் அழிக்கிறான். அடுத்து, வீரவாகுவையும் பூதப்படையையும் கவர்ந்து அண்டமுகட்டில் கொண்டுபோய் வைக்கும்படி அதே தேருக்கு ஆணை பிறக்கிறது. அதையும் அது செய்கிறது. தொலைவைக் கடத்தல், உயிராற்றலைக் கொணர்தல், பகைவரை இடம்பெயர்த்தல் ஆகிய யாவும் ஒரே கருவியின் தொழில்கள். கருவிக்கென விருப்பு வெறுப்பு ஏதுமில்லை, ஏவினால் செல்லும். முருகன் விடுத்த அம்பு அதனை மீட்டு வருகிறது. அவன் அதை அழிக்காமல், இனிச் சூரனிடம் செல்லாது தன்னிடமே நிற்கப் பணிக்கிறான். தேர் நிற்கிறது. வரமாக வந்த ஆற்றல் பெற்றவனின் உடைமையாகிவிடுவதில்லை என்பதைப் புலவர் உரையாகச் சொல்லாமல் நிகழ்ச்சியாகவே காட்டிவிடுகிறார். கற்பனைக் கருவிக்கு விதியும் எல்லையும் வகுத்து, அவற்றைக் கதைமுடிவு வரை மீறாதிருப்பது எளிய செயலன்று. இன்றைய திரைக்கதைகள் பல இதில்தான் தடுமாறுகின்றன.

எனினும் புகழ்ந்து மட்டும் செல்வது திறனாய்வாகாது. ஆயிரத்தெட்டு அண்டங்களுள் ஒன்றேனும் நமக்கு முகம் காட்டுகிறதா? அங்கிருந்து படைகள் வருகின்றன. சூரன் அண்டம்விட்டு அண்டம் செல்ல, முருகன் தொடர்கிறான். ஆயின் அங்கு வாழ்வோர் யார், எவ்வாறு வாழ்ந்தனர் என்பதற்குச் சான்றில்லை. எண் பெரிதாகப் பெரிதாக உலகம் வெறுமையாகிறது. வீரை ஆளவந்தாரின் ஞானவாசிட்டத்தில் வரும் இலீலையின் கதையை ஒப்பிட்டால் குறை தெளிவாகும். அங்கே, இறந்த கணவன் கிடக்கும் அறையின் வெளிக்குள்ளேயே வேறோர் உலகம் விரிகிறது. அதில் அவன் வேறொரு மன்னனாய் வாழ்வதை அவள் காண்கிறாள். தேரும் வேண்டியதில்லை, ஆயிரம் அண்டமும் வேண்டியதில்லை. பல்லுலகக் கற்பனை என்ற அளவில் வாசிட்டமே நுட்பமானது எனத் தயங்காது கூறுவோம்.

கச்சியப்பரின் வலிமை அண்டத்தொகையில் இல்லை. தாம் நன்கறிந்த ஒற்றை உலகத்தில் இருக்கிறது. தேவர்களை மீன் சுமக்க வைத்த காட்சியை ஒருமுறை கேட்டவர் மறப்பதில்லை. பேராக்கின் ரப்பர்த் தோட்டங்களில் பால்வாளி சுமந்த தலைமுறையினருக்கு அதன் பொருளை யாரும் விளக்கவேண்டியதில்லை. அவ்வாறே, உட்புகுந்தோரைப் பொய்வழி காட்டி மயக்கும் கிரவுஞ்ச மலையும். சுண்ணாம்புக்கல் மலைகளையும் குகைகளையும் பார்த்தே வளரும் கிந்தா பள்ளத்தாக்குப் பிள்ளைகளுக்கு அம்மலை அயலன்று. வகுப்பில் தொடங்குவதற்கு இவையே ஏற்ற இடங்கள்.

சொற்பொழிவு முடிந்தபின் அந்த மாணவன் நம்மிடமும் வந்தான். அவனிடம் இன்னொரு கேள்வி இருந்தது. “சூரன் ஓடி ஒளிந்த மற்ற அண்டங்களில் இருந்தவர்களுக்குச் சண்டை முடிந்தது என்று யார் போய்ச் சொன்னார்கள்?” புராணத்தில் அதற்குப் பாடல் இல்லை என்றோம். அவனையே எழுதிப் பார்க்கச் சொன்னோம்.